ஹாரி ரைட் ஆட்டக்காரராக இருந்துகொண்டே மேனேஜராகவும் இருந்தது எப்படி?

பேஸ்பாலில் மேனேஜர் என்பவர் அலுவலகத்தில் உட்கார்ந்து கணக்குப் பார்ப்பவர் அல்ல. யார் ஆட வேண்டும், யாரை எப்போது மாற்ற வேண்டும் என்று மைதானத்தில் முடிவெடுப்பவர். கிரிக்கெட்டில் கேப்டனும் கோச்சும் பங்குபோட்டுச் செய்கிற வேலை.

ஹாரி ரைட் 1835-ல் இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் பிறந்தவர். நியூயார்க்கில் சம்பளத்துக்குக் கிரிக்கெட் ஆடி, அப்புறம் பேஸ்பாலுக்கு வந்தார். அதுவரை சில கிளப்புகள் ஆட்டக்காரர்களுக்கு ரகசியமாகப் பணம் கொடுத்துவந்தன. 1869-ல் அவர் நடத்திய சின்சினாட்டி ரெட் ஸ்டாக்கிங்ஸ்தான் அணி முழுவதற்கும் வெளிப்படையாகச் சம்பளம் கொடுத்தது. ஹாரிக்கு 1,200 டாலர். ஷார்ட்ஸ்டாப்பாக (இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு நடுவில் நின்று பந்தைத் தடுப்பவராக) ஆடிய தம்பி ஜார்ஜுக்கு 1,400. நிர்வகித்த அண்ணனைவிட ஆடிய தம்பிக்கு அதிகம்! அந்த வருடம் அணி தோற்கவே இல்லை. 1870 ஜூனில் புரூக்ளின் அட்லாண்டிக்ஸ், வழக்கமான 9 இன்னிங்ஸைத் தாண்டி 11 இன்னிங்ஸ் நீண்ட ஆட்டத்தில் 8-7 என்று வென்று, தோல்வியே இல்லாத அந்த வரிசையை நிறுத்தியது.

எல்லா வேலைக்கும் ஒரே ஆள். டீக்கடைக்காரர் தானே டீ ஆற்றி, கல்லாவையும் பார்ப்பதுபோல, ஹாரி சென்டர் ஃபீல்டில் (மைதானத்தின் வெளிப்பகுதியில், நடுவில்) நின்று ஆடினார், பந்தும் வீசினார், பயிற்சி கொடுத்தார், பயணத்தையும் கவனித்தார்.

1871-ல் பாஸ்டனுக்குப் போய் 1872 முதல் 1875 வரை தொடர்ந்து 4 பட்டங்கள். பிறகு அமெரிக்காவின் தேசிய லீகில் 1877, 1878 பட்டங்கள். வயது ஏற ஏற ஆடுவது நின்றது; மேனேஜர் வேலை, கடைசியாக ஃபிலடெல்ஃபியாவில், 1893 வரை தொடர்ந்தது.

அவருடைய பாஸ்டன் ரெட் ஸ்டாக்கிங்ஸைப் பலர் இன்றைய ரெட் சாக்ஸ் என்று நினைக்கிறார்கள்; உண்மையில் அதன் வாரிசு அட்லாண்டா பிரேவ்ஸ்.