ஓர் இடுப்பெலும்பை வைத்து ஒரு பறவையைச் சொல்லிவிட முடியுமா?

இரண்டு மூன்று எலும்புத் துண்டுகளை வைத்துக்கொண்டு "இப்படியொரு பறவை இருந்தது" என்று பெயரும் சூட்டிவிடுகிறார்களே, அதை எப்படி நம்புவது என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்கும் இதே எரிச்சல் இருந்தது. அதைத் தீர்த்து வைத்தது கோழிக் குழம்பில் கிடந்த ஒரு துண்டுதான்.

அடுத்த முறை கோழியின் இடுப்புப் பகுதி உங்கள் தட்டில் விழுந்தால், கறியைத் தின்றுவிட்டு எலும்பைக் கழுவிப் பாருங்கள். நடுவில் முதுகெலும்பு ஓடும். ஆனால் கழுத்தைப்போல் அதைக் கண்ணி கண்ணியாகப் பிரிக்க முடியாது. எல்லாம் ஒட்டி ஒரே தண்டாகி, இருபுறமும் இடுப்பெலும்போடு சேர்ந்து ஓடுபோல் இறுகியிருக்கும்; பறவை இடுப்பின் அடையாளமே இதுதான். தொடையெலும்பு பொருந்தும் குழியை விளக்குக்கு நேராகப் பிடித்தால் வெளிச்சம் தெரியும். அது குழியல்ல, துளை. வீட்டில் சிரித்தார்கள், நான் அரை மணி நேரம் அதையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தெற்குப் பிரான்சில் காம்பான் சுர் ஓத் என்ற ஊரில் கிடைத்ததும் இதே துண்டுதான், அளவுதான் பிரம்மாண்டம். 10 முள்ளெலும்புகள் ஒன்றாய் ஒட்டிய தண்டும் இடுப்பும். சுமார் 7 கோடி ஆண்டுகளுக்கு முந்தையது, டைனோசர்கள் நடமாடிய காலம். பிரெஞ்சுத் தொல்லுயிர் ஆய்வாளர்கள் எரிக் புஃபேத்தோவும் ழான் லெ லூஃபும் 1998இல் அதற்கு கர்கான்டுவாவிஸ் ஃபிலோய்னோஸ் என்று பெயரிட்டார்கள். முன்பாதி பிரெஞ்சுக் கதைகளில் வரும் பெருந்தீனி அரக்கன்; பின்பாதி 'மதுப்பிரியன்'. சுற்றிலும் திராட்சைத் தோட்டங்கள், வேறென்ன பெயர் தோன்றும்!

பிறகு ஒரு தொடையெலும்பு, ஒரு கழுத்து முள்ளெலும்பு, ஸ்பெயினிலும் ருமேனியாவிலும் சில இடுப்புகள். உடலின் பாரத்தைச் சுமப்பது தொடையெலும்பு என்பதால் அதன் தடிமனிலிருந்து எடையைக் கணக்கிட்டார்கள்: 141 கிலோ. நெருப்புக்கோழிக்குச் சளைத்ததல்ல.

சண்டையும் உண்டு. இடுப்பு மிக அகலம், தொடைக்குழிகளோ வழக்கத்தைவிட முன்னால் இருக்கின்றன. ருமேனிய இடுப்பை ஆராய்ந்த கெரால்ட் மாயர் குழுவினர், இது இன்றைய பறவைகளின் நெருங்கிய உறவே அல்ல, பாலாவுர் என்ற, பறவை போன்ற விசித்திர டைனோசரின் பக்கம் போகிறது என்று 2020இல் எழுதினார்கள். புஃபேத்தோ அதே ஆண்டில் மறுத்து எழுதினார். கவனித்தீர்களா, இப்படியொரு பிராணி இருந்ததா என்று இருவருமே கேட்கவில்லை. அது எந்தக் கிளையில் உட்கார வேண்டும் என்பதுதான் வழக்கு.

நீங்கள் சந்தேகப்பட வேண்டியது இணையத்தில் உலவும் படங்களை. அவற்றிலுள்ள அலகும் இறகின் நிறமும் ஓவியரின் கைச்சரக்கு. அந்தப் பிராணியின் தலையே இன்னும் கிடைக்கவில்லை.