மரபணு சரியாக இருந்தும் பிலிருபின் கூடுவது ஏன்?

கேள்வி: விரதம் இருந்தாலும் காய்ச்சல் வந்தாலும் என் மகனுக்குக் கண்கள் மஞ்சளாகின்றன. ரத்தத்தில் மொத்த பிலிருபின் (மஞ்சள் நிறமி) டெசிலிட்டருக்கு 2.6 மில்லிகிராம், பெரும்பகுதி மறைமுக பிலிருபின் (நீரில் கரையும்படி இன்னும் மாற்றப்படாதது). கல்லீரல் நொதிகளும் ஹீமோகுளோபினும் இயல்பு. கில்பர்ட் நிலை, மரபணுவின் புரோமோட்டரில் மாற்றம் என்கிறார் மருத்துவர். கல்லீரல் கெட்டுவிடுமா?

பதில்: கெடாது. ஒரு புரதத்தின் அமைப்பைக் குறிக்கும் டி.என்.ஏ. பகுதி வேறு, அந்தப் புரதம் எவ்வளவு உருவாக வேண்டும் என்பதைக் கட்டுப்படுத்தும் புரோமோட்டர் வேறு. கில்பர்ட் நிலையில் பொதுவாக மாறியிருப்பது புரோமோட்டர்தான்.

சிவப்பணுக்கள் சிதையும்போது உண்டாகும் பிலிருபினை நீரில் கரையும்படி மாற்றிப் பித்தத்தோடு வெளியேறச் செய்யும் நொதியை யு.ஜி.டி.1ஏ1 என்ற மரபணு தருகிறது. படியெடுப்பு (மரபணுவின் செய்தி ஆர்.என்.ஏ.வாக நகலெடுக்கப்படுவது) தொடங்கும் இடத்துக்குச் சற்று முன்னால், புரோமோட்டரில், டி, ஏ என்ற இரண்டு எழுத்துகள் பலருக்கு 6 முறையும், கில்பர்ட் நிலையினர் பெரும்பாலோருக்கு 7 முறையும் அடுத்தடுத்து வருகின்றன. டாட்டா பெட்டி எனப்படும் இவ்விடத்தில் ஒரு புரதம் முதலில் பற்றிக்கொண்ட பிறகே துணைப் புரதங்களும், நகலெடுக்கும் நொதியான ஆர்.என்.ஏ. பாலிமரேஸும் அங்கே கூடுகின்றன. ஒரு சோடி எழுத்து கூடினாலே அந்தப் பிடிப்பு தளர்ந்து, படியெடுப்பு குறைகிறது. தாய், தந்தை இருவரிடமிருந்தும் 7 பெற்றவர்களுக்கு நொதியின் செயல்திறன் இயல்பில் ஏறத்தாழ 30 விழுக்காடுதான். ஆனால் உருவாகும் நொதியில் குறையேதும் இல்லை. க்ரிக்ளர்-நஜ்ஜார் என்னும் கடுமையான நோயிலோ நொதியின் அமைப்பே பழுதாகிவிடுகிறது.

பிரெஞ்சு மருத்துவர் கில்பர்ட் 1901இல் விவரித்த இந்நிலைக்குப் புரோமோட்டர் காரணம் என்பது 1995இல்தான் வெளியானது. இரு பிரதிகளிலும் 7 இருந்தும் பிலிருபின் ஏறாதவர்களும் உண்டு. பட்டினி, நீரிழப்பு, காய்ச்சல், கடும் உடலுழைப்பு ஆகியவை சேரும்போதே பலருக்கு மஞ்சள் தெரிகிறது.

இதற்குச் சிகிச்சை தேவையில்லை. ஃபீனோபார்பிட்டல் மருந்து, புரோமோட்டருக்கு அப்பால் தொலைவிலுள்ள ஒரு கட்டுப்பாட்டுப் பகுதியின் வழியே இம்மரபணுவைத் தூண்டிப் பிலிருபினைக் குறைக்கும் என்றாலும், தீங்கற்ற ஒரு நிறத்துக்காக அதைத் தருவது முறையன்று. கீழாநெல்லியும் எழுத்துகளின் எண்ணிக்கையை மாற்றாது. விரதம் முடிந்ததும் தானாக இறங்கும் மஞ்சளுக்கான பெருமை பெரும்பாலும் அதற்குப் போய்விடுகிறது.

மருத்துவக் கோப்பில் மட்டும் இதைக் குறித்து வைக்கச் சொல்லுங்கள். குடல் புற்றுநோய்க்குத் தரப்படும் இரினோடெக்கான் மருந்திலிருந்து உண்டாகும் நச்சுப்பொருளை அகற்றுவதும் இதே நொதி என்பதால், இவர்களுக்கு வெள்ளணுக்கள் ஆபத்தான அளவுக்குக் குறையலாம். மறைமுக பிலிருபின் சிறுநீரில் இறங்காது. எனவே சிறுநீர் தேநீர் நிறமானாலோ, அரிப்பு தோன்றினாலோ, ஹீமோகுளோபின் குறைந்தாலோ, கில்பர்ட்தானே என்று விட்டுவிடாமல் உடனே மருத்துவரிடம் காட்டுங்கள்.