லில்லியன் கிஷ்: உங்கள் கேள்விகளுக்குப் பதில்கள்

அமெரிக்க மேடை, திரை நடிகை லில்லியன் கிஷ் (1893–1993) பற்றி வந்த கேள்விகளை ஒன்றாகச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

அக்கா, இவர் நாடகத்திலிருந்து வந்தவரா, நேராகச் சினிமாவுக்கு வந்தவரா?

நாடகம்தான். ஒஹாயோவில் பிறந்தவர். அப்பா குடும்பத்தை விட்டுப் போய்விட்டார். அம்மா பிழைப்புக்காக மேடையேறினார். பிள்ளைகளும் கூடவே ஏறினார்கள். 1902இல், எட்டொன்பது வயதில், லில்லியனுக்கு முதல் மேடை. தங்கை டாரதியும் நடிகை. ரயிலேறி ஊர் ஊராகப் போய் நாடகம் போட்டதிலேயே சிறுவயது கழிந்தது.

கூட நடித்த கிளாடிஸ் ஸ்மித் என்ற தோழி, மேரி பிக்ஃபோர்ட் என்ற பெயரில் சினிமாவுக்குப் போயிருந்தாள். 1912இல் அவளைப் பார்க்க அக்கா தங்கை இருவரும் நியூயார்க்கில் பயோகிராஃப் ஸ்டுடியோவுக்குப் போனார்கள். அங்கே இருந்தவர் இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித். யார் அக்கா, யார் தங்கை என்று பிடிபடாமல் லில்லியனுக்கு நீல ரிப்பன், டாரதிக்குச் சிவப்பு ரிப்பன் கட்டச் சொன்னார். அப்புறம் துப்பாக்கியை எடுத்து மேலே சுட்டுக்கொண்டே இருவரையும் அறை முழுக்கத் துரத்தினார். பயம் முகத்தில் எப்படி வருகிறது என்று பார்க்கத்தான்! அந்த ஆண்டே 'ஆன் அன்சீன் எனிமி' படத்தில் இருவரும் நடித்தார்கள்.

மேடையிலிருந்து வந்தவர்கள் மௌனப் படத்தில் கையைக் காலை ஆட்டி மிகையாக நடிப்பார்களே, இவரும் அப்படியா?

'புரோக்கன் பிளாசம்ஸ்' (1919) பாருங்கள், போதும். குடிகார அப்பனிடம் அடி வாங்கியே வளர்ந்த பெண்ணாக வருகிறார். "கொஞ்சம் சிரி" என்கிறான் அப்பன். அவளுக்குச் சிரிக்க வராது. இரண்டு விரலால் உதட்டின் ஓரங்களை மேலே தள்ளிவிடுகிறாள். கண்ணில் பயம் அப்படியே இருக்கிறது, வாய் மட்டும் சிரிக்கிறது. இதைவிடச் சின்ன அசைவில் ஒரு வாழ்க்கையைச் சொல்லிவிட முடியுமா?

அதே படத்தில், அப்பன் கோடரியால் கதவைப் பிளக்கும்போது, ஒரு சின்ன அலமாரி அறைக்குள் மாட்டிக்கொண்டு சுற்றிச் சுற்றி வருவாள். வெளியே வழியில்லாத மிருகம் சுற்றுவது போல. எத்தனையோ தடவை பார்த்துவிட்டேன், இன்னும் முழுசாகக் கண் திறந்து பார்க்க முடிவதில்லை.

'வே டவுன் ஈஸ்ட்' படத்தில் பனிப்பாளத்தில் மிதந்து போவது நிஜமா, ஸ்டுடியோ வேலையா?

பெரும்பகுதி நிஜம். 1920இல் வெர்மான்ட் மாநிலத்தில் உறைந்த ஆற்றைப் பிளந்து, பனிப்பாளங்களை மிதக்கவிட்டு எடுத்தார்கள். மெல்லிய உடையில் அவர் அதன்மேல் மயங்கிக் கிடக்க வேண்டும். ஒரு கையும் தலைமுடியும் தண்ணீரில் தொங்கினால் நன்றாக இருக்கும் என்று யோசனை சொன்னதே அவர்தான். அப்படியே நாள் கணக்கில், திரும்பத் திரும்பப் படுத்தார். முடி உறைந்து விறைத்தது. கை நெருப்பில் வைத்தது போல எரிந்ததாம். அந்த விரல்கள் பிறகு முழுசாகச் சரியாகவே இல்லை. இதே படத்தின் பனிப்புயல் காட்சியில் அவருடைய இமை மயிரில் பனி உறைந்து தொங்கியது. கிரிஃபித் உடனே கேமராவை அந்த முகத்துக்குக் கிட்டே கொண்டுபோகச் சொன்னார்.

'தி பர்த் ஆஃப் எ நேஷன்' பற்றிப் பேசாமல் விடலாமா?

விடக்கூடாது. 1915இல் கிரிஃபித் எடுத்த அந்தப் படம் கறுப்பின மக்களை இழிவாகக் காட்டியது, கூ க்ளக்ஸ் க்ளான் என்ற வெள்ளை இனவெறிக் கும்பலை வீரர்களாக்கியது. அப்போதே கறுப்பின உரிமை அமைப்புகள் எதிர்த்துப் போராடின. கிஷ் அதில் முக்கியமான வேடத்தில் நடித்தார். கடைசிவரை கிரிஃபித்தை விட்டுக்கொடுக்காமல்தான் பேசினார். கிஷ்ஷை இவ்வளவு நேசிக்கும் எனக்கு இது வலிக்கிறது. ஒஹாயோவில் ஒரு பல்கலைக்கழகம் 2019இல் தன் திரையரங்கிலிருந்து கிஷ் சகோதரிகளின் பெயரை எடுத்ததற்கும் காரணம் இந்தப் படம்தான்.

கல்யாணம்?

செய்துகொள்ளவில்லை.

பேசும் படம் வந்ததும் காணாமல் போய்விட்டாரா?

திரையில் வாய்ப்பு குறைந்தது உண்மை. 1928இல் வந்த 'தி விண்ட்' அவருடைய கடைசி மௌனப் படம். மொஹாவி பாலைவன வெயிலில், விமான புரொப்பெல்லர்களை ஓடவிட்டு முகத்தில் மணலை வாரியடித்து எடுத்தது. வெளியானபோது ஊரெல்லாம் பேசும் படத்தின் பின்னால் போய்விட்டது.

ஆனால் அவருக்கு மேடை இருந்ததே! 1930இல் நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்கில் செக்காவின் 'அங்கிள் வான்யா'. 1936இல் ஷேக்ஸ்பியர் நாடகத்தில் ஜான் கில்குட் ஹாம்லெட்டாக நடித்தபோது, அவன் இளம் காதலி ஒஃபீலியாவாக இவர். அப்போது வயது 43! அப்புறம் 1955இல் 'தி நைட் ஆஃப் தி ஹன்டர்': அனாதைப் பிள்ளைகளைக் காக்க, துப்பாக்கியை மடியில் வைத்துக்கொண்டு நாற்காலியில் இரவெல்லாம் விழித்திருக்கும் கிழவி.

கடைசிப் படம் 'தி வேல்ஸ் ஆஃப் ஆகஸ்ட்', 1987. வயது 93. பார்வையிழந்த சகோதரியாக பெட்டி டேவிஸ். அவருடைய நீண்ட வெள்ளை முடியை கிஷ் மெதுவாக வாரிவிடும் இடம் ஒன்று வரும். அங்கே கைகளைக் கவனியுங்கள். வெர்மான்ட் ஆற்றில் உறைந்த கையும் அதில் ஒன்று.