தீர்ப்புக்கு முன்பே தவணை கேளுங்கள்

கேள்வி: என் கணவர் தையல் தொழிலுக்காக, எதையும் அடமானம் வைக்காமல் வங்கியில் கடன் வாங்கினார். அவருடைய உடல்நலம் கெட்டதால் தவணைகள் நின்றுபோய், இப்போது ரூ.3 லட்சம் பாக்கி இருக்கிறது. வங்கி உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, சம்மனும் வந்துவிட்டது. மொத்தமாகக் கட்டச் சொல்கிறார்கள். எங்களால் மாதம் ரூ.8,000தான் முடியும். நீதிமன்றத்துக்குப் போனால் கடனை ஒப்புக்கொண்டதாகிவிடும், போகாமல் இருந்துவிடுங்கள் என்கிறார்கள் உறவினர்கள். என்ன செய்வது?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: உறவினர்கள் நல்லெண்ணத்தில் சொல்லியிருக்கலாம், ஆனால் அந்த யோசனைப்படி நடந்தால் உங்களுக்கு இருக்கும் நல்ல வழி அடைபட்டுவிடும். உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 20, விதி 11-இன்படி, கடன் ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும், தக்க காரணம் இருந்தால் தீர்ப்புத் தொகையைத் தவணைகளில் செலுத்த நீதிமன்றம் உத்தரவிடலாம். இதற்கு வங்கியின் சம்மதம் கட்டாயமில்லை. ஆனால் தீர்ப்புக்கு முந்தைய கடைசி விசாரணையில் நேரிலோ வழக்கறிஞர் மூலமோ ஆஜரான தரப்பினரைக் கேட்டே இந்த உத்தரவு பிறப்பிக்கப்படும். ஆஜராகாவிட்டால் ஒருதலைப்பட்சத் தீர்ப்பாகிவிடும். அதன் பிறகு தவணை கேட்க, தீர்ப்பாணை நாளிலிருந்து 30 நாட்களுக்குள் மனு செய்ய வேண்டும். அப்போது வங்கி சம்மதித்தால்தான் தவணை கிடைக்கும். மொத்தமாகக் கேட்டு நிற்கும் வங்கி அந்தக் கட்டத்தில் இறங்கிவருமா என்பதை யோசித்துப் பாருங்கள்.

ஆகவே சம்மனில் உள்ள தேதியில் கணவர் ஆஜராகட்டும். பாக்கிக் கணக்கில் தவறு இருந்தால் எதிர்வழக்குரையில், அதாவது வழக்குக்கு நீங்கள் எழுத்தில் தரும் பதிலில், அதை மறுத்துவிட்டு, உண்மையான தொகைக்குத் தவணை கோரலாம். கஷ்டம் என்று பொதுவாகச் சொல்வது போதாது. மருத்துவச் சான்றுகளும் வருமானம் தெரியும் கணக்குகளும் மனுவோடு இருக்க வேண்டும். மாதம் ரூ.8,000 என்றால் வட்டியைச் சேர்க்காமலேயே 38 மாதங்கள் ஆகும். அது நீண்ட காலம் என்று வங்கி ஆட்சேபிக்கும் என்பதால், முடிந்த ஒரு தொகையை இப்போதே கடன் கணக்கில் கட்டி, ரசீதைத் தாக்கல் செய்யுங்கள். கட்டும் எண்ணம் உண்டு என்பதற்கு அதைவிட நல்ல சான்று இல்லை. தவணை காலத்துக்கு வட்டி உண்டா, இல்லையா என்பதும் நீதிமன்றத்தின் கையில் இருப்பதால், வட்டிக் குறைப்பையும் அதே மனுவில் கேளுங்கள். ஒரு தவணை தவறினாலும் மீதி முழுவதையும் வசூலிக்கலாம் என்ற நிபந்தனை வரக்கூடும். தொடர்ந்து 2 தவணைகள் தவறினால் மட்டும் என்று மாற்றித் தரும்படி வழக்கறிஞரை வாதாடச் சொல்லுங்கள்.

வழக்கை மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பக் கோருவதும் நல்லது. அங்கு சமரசமானால் நீதிமன்றக் கட்டணம் திரும்பக் கிடைக்கும் என்பதால் வங்கிக்கும் அதில் லாபம் உண்டு. ஆனால் அங்கு எழுதப்படும் தீர்வு தீர்ப்பாணைக்குச் சமம், அதன்மீது மேல்முறையீடு கிடையாது. கட்ட முடியாத தொகைக்குக் கையெழுத்துப் போடாதீர்கள். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு; எனவே ஜாமீன்தாரராக உங்கள் பெயரும் வழக்கில் இருந்தால், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகி உங்களுக்கென வழக்கறிஞரைக் கேட்டுப் பெறலாம்.