ஒரே படத்துப் பாடகரா பெஹ்புதோவ்?

கேள்வி: ரஷ்யப் பாடகர் ரஷீத் பெஹ்புதோவ் ஒரே படத்தில் நடித்துப் புகழ் பெற்று, பிறகு காணாமல் போனவராமே? அந்தப் படத்திலும் அவருக்குப் பாடியது வேறொருவர் என்கிறார்களே?
– வாசகர், திண்டுக்கல்

பதில்: மூன்றும் தப்பு. ரஷ்யர் அல்ல, அஸர்பைஜானியர். சோவியத் நாட்டில் பிறந்த எல்லாரையும் ரஷ்யர் கணக்கில் எழுதிவிடுவது நம் பத்திரிகைகளுக்குப் பழகிப்போன சோம்பேறித்தனம்.

பிறந்தது 1915ல், ஜார்ஜியாவின் திபிலிசியில். பூர்வீகம் கராபாக் மலையிலுள்ள ஷுஷா, பாட்டுக்குப் பேர்போன ஊர். அப்பா மஜீத், முகாம் என்ற அந்த நாட்டுச் செவ்விசையில் கைதேர்ந்தவர். மகனைச் சேர்த்தது என்னவோ ரயில்வே தொழிற்பள்ளியில். அப்புறம் பட்டாளத்துப் பாட்டுக்குழு, ஆர்மீனியத் தலைநகர் யெரெவானின் ஓபரா, ஆர்மீனிய அரசு ஜாஸ் குழு. ஆம், ஆர்மீனியாவில்தான் மேடையேறி வளர்ந்தார். பிற்பாடு அஸர்பைஜானுக்கும் ஆர்மீனியாவுக்கும் மூண்ட பகையை வைத்துப் பார்த்தால் நம்பச் சிரமமாக இருக்கும். அஸர்பைஜான் தலைநகர் பாகுவுக்கு வந்தபோது வயது முப்பதை நெருங்கிவிட்டது.

நீங்கள் சொல்லும் படம் 1945ல் வந்த 'அர்ஷின் மால் ஆலன்'. உஸெயிர் ஹாஜிபெயோவ் 1913ல் எழுதிய இசை நாடகம்தான் மூலம். முகத்திரை காலத்துக் கதை. கட்டிக்கொள்ளப் போகிறவளின் முகத்தைப் பார்க்காமல் தாலி கட்டுவதா என்று அடம்பிடிக்கிறான் வியாபாரி அஸ்கர். ஜவுளி விற்கும் தெரு வியாபாரிக்கு மட்டும் வீட்டு முற்றம் வரை வழி உண்டு. ஆகவே தோளில் துணிமூட்டையோடு புறப்படுகிறான். அவன் தெருவில் கூவும் கூவலே பாட்டாக விரிகிறது. கல்யாணச் செலவு என்ன தெரியுமா? ஒரு முல்லா, மூன்று மனாத் பணம், ஒரு கூம்புச் சர்க்கரை. அங்கே இது பழமொழி போலவே ஆகிவிட்டது. நாடகம் முதலில் அரங்கேறியபோது கதாநாயகி குல்சோஹ்ராவாக வந்தது ஓர் ஆண். படத்தில் லேலா பத்ர்பெய்லி.

அஸ்கரின் குரல் இரவல் குரல் அல்ல, பெஹ்புதோவின் சொந்தக் குரல். அதற்காகத்தானே அவரைத் தேர்ந்தெடுத்தார்கள்! 1946ல் படத்துக்கு சோவியத் அரசின் ஸ்டாலின் பரிசு கிடைத்தது.

காணாமல் போனாரா? 1953ல் ஃபிக்ரெத் அமீரோவின் 'செவில்' ஓபராவில் பலாஷ் வேடம், அதாவது நாகரிக மோகத்தில் மனைவியை விரட்டும் கணவன். 1955ல் 'பக்தியார்' படம். 1959ல் சோவியத் மக்கள் கலைஞர் பட்டம். இந்தியாவுக்கும் வந்தார், இந்தியிலும் பாடினார். 1966ல் பாகுவில் அரசுப் பாடல் அரங்கத்தை நிறுவினார். தார், கமாஞ்சா போன்ற நாட்டு வாத்தியங்களை ஜாஸ் வாத்தியங்களோடு உட்காரவைத்து, ஒவ்வொரு பாட்டையும் சிறு நாடகமாக மேடையேற்றினார்கள். பழைய யூத ஆலயக் கட்டடத்தில் இருக்கும் அந்த அரங்கம் இன்று அவர் பெயரையே தாங்குகிறது. 1989ல் காலமானார். என்னைக் கேட்டால், படத்தைவிட இந்த அரங்கம்தான் பெரிய வேலை. நடிகராக அவர் சுமார் ரகம். எந்த வேடத்திலும் பாடகர்தான் தெரிவார்.

குரலோ உச்சஸ்தாயியில் சுலபமாகச் சஞ்சரிக்கும் மெல்லிய டெனர், அதாவது உயர்ந்த ஆண்குரல். அவரைப் போலப் பாடக் கிளம்புகிறவர்கள் இரண்டு இடத்தில் வழுக்குகிறார்கள். மேல் சுரத்தை முக்கிப் பிடிப்பார்கள். அவர் அங்கே குரலை இளைக்கவிடுவார். முகாமின் தொண்டை அதிர்வை ஒவ்வொரு வரியின் கடைசியிலும் ஒட்டுவார்கள். அவர் அதை நகாசுபோல எங்காவது ஓரிடத்தில்தான் வைப்பார்.

படத்தைப் பார்ப்பதானால் 2013ல் வண்ணம் பூசிய பிரதியை விட்டுவிட்டுக் கறுப்பு வெள்ளையையே தேடுங்கள். அதற்கும் முன்னால் 'கூச்செலெரெ சு செப்மிஷெம்' என்ற நாட்டுப்பாடலை அவர் குரலில் கேளுங்கள். காதலி வரும்போது புழுதி எழக்கூடாதென்று தெருவெல்லாம் தண்ணீர் தெளித்து, தேநீருக்குச் சமோவாரும் மூட்டிவிட்டுக் காத்திருக்கிறான் ஒருவன். அவ்வளவுதான் பாட்டு. மேலே சொன்ன இரண்டும் அதில் துலக்கமாகக் காதில் விழும்.