அப்பத்தா சொல்லும் எண்ணிக்கை

வணக்கம் ஐயா,
தனுஷ்கோடி பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். 1964 புயலில் தப்பிய என் அப்பத்தாதான் படத்தின் முக்கியக் குரல். கடல் கொண்டுபோன ரயிலில் இருநூறு பேருக்கு மேல் இருந்தார்கள் என்கிறார். படித்த இடங்களில் 115 என்று இருக்கிறது. எடிட் செய்யும் நண்பன் அதை வெட்டிவிடச் சொல்கிறான். என்ன செய்யலாம்?
ஆர்., ராமநாதபுரம்

அன்புள்ள ஆர்.,

வெட்ட வேண்டாம். பயணிகள் 110, ஊழியர்கள் 5 என்பதுதான் பரவலாக எழுதப்படும் கணக்கு. டிக்கெட் எடுக்காமல் ஏறியவர்களையும் சேர்த்தால் இருநூறு வரை போகும் என்ற பேச்சும் உண்டு. அதற்காக அப்பத்தா சொல்வதுதான் சரி என்று நான் சொல்லவில்லை. அந்த ரயிலை அவர் பார்த்தாரா? இல்லையென்றால் யார் சொல்லி, எப்போது கேட்டார்? கேமரா ஓடும்போதே கேளுங்கள், உங்கள் கேள்வியும் படத்தில் இருக்கட்டும். பார்த்ததையும் கேட்டதையும் பிரித்துக் காட்டிவிட்டால் போதும், எந்த எண் சரி என்று படம் தீர்ப்புச் சொல்ல வேண்டியதில்லை.

எனக்கு வேறொரு கவலை. தனுஷ்கோடி என்றாலே இடிந்த தேவாலயம், ஒரு சோக வயலின், பேய் ஊர் என்றொரு பட்டம், இப்படியே எடுத்துத் தள்ளுகிறார்கள். டிசம்பர் 22 ராத்திரிக்கு முன்னால் அங்கே ஊர் இருந்ததே! 1914-இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு சென்னையிலிருந்து போட் மெயில் ரயிலில் வந்து இறங்கி, கப்பல் மாறி இலங்கையின் தலைமன்னாருக்குப் போன இடம் அது. குடிதண்ணீர் எங்கே எடுத்தார்கள், கருவாடு எங்கே போனது, கப்பல் வரும் நேரத்தில் கடைத்தெரு எப்படி இருக்கும், அக்கரையில் சொந்தக்காரர்கள் யார் (புயல் மன்னார்ப் பக்கமும் அடித்தது, மறக்காதீர்கள்), இதையெல்லாம் கேளுங்கள். புயல் கதையை அவர் பலமுறை சொல்லிப் பழகியிருப்பார், அது தானாக வரும். இதை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

அப்புறம் ஒன்று. பாம்பன் பாலத்தை 46 நாளில் சரிசெய்துவிட்டார்கள். தனுஷ்கோடிக்கு மட்டும் தண்டவாளம் திரும்ப வரவில்லை, ஊர் வாழத் தகுதியற்றது என்று அரசு அறிவித்துவிட்டது, பிற்பாடு கப்பலும் ராமேஸ்வரத்திலிருந்து போனது. அந்த நாட்களில் தப்பியவர்கள் தங்களுக்குள் என்ன பேசிக்கொண்டார்கள்? என்னைக் கேட்டால் படமே இந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது.

பேட்டியைத் தனுஷ்கோடியின் கடைக்கோடியான அரிச்சல்முனையில் வைக்காதீர்கள். காற்று மைக்கைத் தின்றுவிடும், சுற்றுலா வண்டிச் சத்தம் வேறு. வீட்டுக்குள் உட்கார வைத்துப் பேசவிடுங்கள், ஃபேனை மட்டும் நிறுத்திவிட்டு.