பாட்டால் காலத்தையே மாற்றிய இசையமைப்பாளர் யாராவது கற்பனை உலகில் உண்டா?

உண்டு. ஒருவர் இல்லை, இரண்டு பேர். அண்ணன், தம்பி. இருவருமே செத்துப்போனவர்கள்.

கேட்டவர் ஏதோ கதை எழுதப் போகிறீர்கள் என்று நினைக்கிறேன். தாராளமாக எழுதுங்கள். ஆனால் உங்கள் இசையமைப்பாளருக்கு முதலில் ஒரு பெயர் வைத்துவிடுங்கள். ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

1998இல் நிண்டெண்டோ வெளியிட்ட 'ஒக்கரினா ஆஃப் டைம்' என்ற வீடியோ கேம். நான் ஆடியது 2009இல், கோவில்பட்டியில் ஒரு பிரவுசிங் சென்டரில் ராத்திரி ஷிப்ட் பார்த்தபோது, கேம் மெஷினுக்கான ஆட்டத்தைக் கம்ப்யூட்டரில் ஓட்டும் எமுலேட்டரில். (திருட்டு ஆட்டம்தான், ஒப்புக்கொள்கிறேன். யாரும் வகுப்பெடுக்க வேண்டாம். அன்றைக்கு இருந்த கரண்டுக்கு, ஒரு கட்டத்தைத் தாண்டி சேவ் செய்வதே பெரிய பாடு.)

அதில் ககாரிகோ என்று ஒரு கிராமம். அதன் கல்லறைத் தோட்டத்தில் கையில் விளக்கோடு இரண்டு பேய்கள். மூத்தவன் ஷார்ப், இளையவன் ஃபிளாட். அரண்மனை இசையமைப்பாளர்களாக இருந்தவர்கள். ஒக்கரினா என்ற சின்ன ஊதுகருவியின் சுரங்களால் காலத்தைக் கட்டுப்படுத்த முடியுமா என்று ராஜா உத்தரவில் ஆராய்ந்து, கிட்டத்தட்ட முடித்தும்விட்டார்கள். கேனண்டார்ஃப் என்ற வில்லன் அதைத் திருட வந்தான். கொடுக்க மாட்டோம் என்று உயிரை விட்டார்கள். அவன் மட்டும் குறுக்கே வராமல் இருந்திருந்தால் நாங்கள் பெரிய ஆளாகியிருப்போம் என்று செத்த பிறகும் புலம்புகிறார்கள். பக்கத்தில் உட்கார்ந்து பார்த்த பையன் விழுந்து விழுந்து சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவர்களுடைய சூரியன் பாட்டு அங்கேயே அரச குடும்பக் கல்லறைக்குள் கிடைக்கும். ராத்திரி வாசித்தால் விடியும், பகலில் வாசித்தால் இருட்டும். நம்மூரில் விடிந்தால் பூபாளம் வாசிப்பார்கள். அங்கே வாசித்தால்தான் விடிகிறது. கீபோர்டு வாசிக்கிறவன் என்பதால் சுரம் எண்ணிப் பார்த்தேன். மொத்தமே ஐந்து பொத்தான்: ச, க, ப, த, மேல் ச. சூரியன் பாட்டு 'ப க மேல்ச' இரண்டு தடவை. அதே ஆட்டத்தில் வரும் இன்னொன்று, காலப் பாட்டு, 'ப ச க' இரண்டு தடவை. மூன்று சுரத்தை வைத்துக்கொண்டு மறக்க முடியாத மெட்டுப் போடுவது என்ன பாடு என்பது போட்டுப் பார்த்தவனுக்குத் தெரியும். நிஜத்தில் போட்டவர் கோஜி கோண்டோ என்ற ஜப்பான்காரர்.

எட்டயபுரத்தில் முத்துசாமி தீட்சிதர் அமிர்தவர்ஷிணி ராகம் பாடி மழை வரவழைத்த கதை தெரியாதா என்று ஒருவர் கட்டாயம் வருவார். ஐயா, எனக்கு எட்டயபுரம் அரை மணி நேர பஸ்தான். தெரியும். அது மழை, இங்கே கேட்டது காலம்.

மழைப் பாட்டும் அந்த ஆட்டத்தில் உண்டு, அதுதான் என் வயிற்றெரிச்சல். புயல் பாட்டு. காற்றாலைக்குள் இசைப்பெட்டியைச் சுற்றிக்கொண்டிருக்கும் ஒருவன், "ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு பொடியன் வந்து இதை வாசித்து என் காற்றாலையைக் கெடுத்துவிட்டான்" என்கிற மாதிரி கறுவிக்கொண்டே உங்களுக்கு அதைக் கற்றுத்தருகிறான். ஆடுகிற நீங்கள் ஆட்டத்துக்குள் ஏழு வருஷம் பின்னால் போய் அவன் முன்னாலேயே வாசிக்கிறீர்கள். காற்றாலை தறிகெட்டுச் சுற்றுகிறது. அந்தப் பொடியன் நீங்கள்தான். உங்களிடமிருந்து அவன் கற்றான், அவனிடமிருந்து நீங்கள். அப்படியானால் மெட்டுப் போட்டது யார்? யாரும் இல்லை.

இது எனக்கு நடந்திருக்கிறது.

நானும் அண்ணனும் ஒரு மெல்லிசைக் குழுவில் இருந்தோம். ஊரில் ஒரு ஜவுளிக்கடைக்கு, லோக்கல் சேனல் விளம்பரத்துக்காக முப்பது நொடி மெட்டு ஒன்று போட்டுக் கொடுத்தோம். இரண்டு பேருக்கும் சேர்த்து எண்ணூறு ரூபாய், ஆளுக்கொரு வேட்டி. விளம்பரத்தில் யார் பெயர் போடுவார்கள், அதை விடுங்கள். பதினோரு தீபாவளி அது ஓடியது. பிறகு சாத்தூர் பக்கம் ஒரு ரிசப்ஷனில், இரண்டு பாட்டுக்கு நடுவே பாடகி தண்ணீர் குடிக்கப் போன இடைவெளியில், சும்மா அதை வாசித்தேன். மாப்பிள்ளையின் சித்தப்பா மேடைக்கே வந்துவிட்டார்.

"தம்பி, சொந்தமா ஏதாச்சும் வாசிங்க. ஜவுளிக்கட விளம்பரத்தப் போயி காப்பியடிக்கிறீங்களே."

"அது நாங்க போட்டதுதாங்க."

"ஓ, டிவில கேட்டுட்டுப் போட்டீங்களா?"

எங்கள் டிரம்ஸ்காரனும் சேர்ந்து சிரித்தான். அண்ணன் வாயே திறக்கவில்லை. திரும்பி வரும்போது வேனில், "விடுறா, நல்லாருந்ததுனாலதானே கண்டுபுடிச்சான்" என்றான். இப்போது செல்போன் கடை வைத்திருக்கிறான். அந்த மெட்டில் இரண்டாவது வரி தன்னுடையது என்று இன்றைக்கும் சொல்வான். இல்லை. கடைசியில் வரும் மணிச் சத்தம் மட்டும்தான் அவன் சேர்த்தது.

அந்த ரிசப்ஷனும் இப்போது எங்களுக்கு இல்லை. டிஜேவாம். பென்டிரைவைச் செருகிவிட்டு "கையத் தூக்குங்க" என்று கத்துகிறவர் கேட்ட பணத்தைக் கொடுக்கிறார்கள். எட்டுப் பேர் குழுவிடம் சாப்பாட்டு இலைக்குக்கூட கணக்குப் பார்க்கிறார்கள். கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், வாயில் வந்துவிட்டது.

இன்னொன்று. 2000இல் வந்த அடுத்த ஆட்டமான 'மஜோராஸ் மாஸ்க்'கிலும் அந்த அண்ணன் தம்பி வருகிறார்கள். அண்ணன்காரன் தம்பியைக் கல்லறைக்குள் அடைத்து வைத்திருக்கிறான். யாரும் போடாத அந்தப் புயல் பாட்டை இந்தத் தடவை நமக்குக் கற்றுத்தருவது அடைபட்டுக் கிடக்கும் தம்பி.

எங்கள் வீட்டில் இளையவன் நான்தான்.